பல்டியில் நழுவிய துப்பாக்கி: டென்வர் நிகழ்வும் உறைத் தேர்வும்

2018 ஜூன் 2, சனிக்கிழமை. நள்ளிரவு கடந்து ஒரு மணி ஆவதற்குச் சற்று முன்பு, கொலராடோ மாநிலத்தின் தலைநகரான டென்வரில், மது வடிக்கும் ஆலையோடு சேர்ந்த ஒரு மதுக்கூடத்தில் இளைஞர் ஒருவர் ஆடிக்கொண்டிருந்தார். ஆட்டத்தின் சூட்டில் சுற்றி நின்றவர்கள் வட்டமாக விலகி இடம் விட, அவர் பின்பக்கமாக ஒரு பல்டி அடித்தார். சுழன்று எழுவதற்குள் அவருடைய இடுப்பில் இருந்த உறையிலிருந்து கைத்துப்பாக்கி ஒன்று நழுவித் தரையில் விழுந்தது. அவர் நிமிர்ந்த வேகத்திலேயே அதன் மேல் பாய்ந்து அள்ளினார். அள்ளும்போதே அது வெடித்தது. அருகில் இருந்த 24 வயது வாடிக்கையாளர் ஒருவரின் காலில் குண்டு பாய்ந்தது. ஆடியவர் துப்பாக்கியை மீண்டும் இடுப்பில் செருகிக்கொண்டு, இரு கைகளையும் உயர்த்தியபடி ஆடுகளத்தை விட்டு நடந்து போனார். அங்கிருந்த ஒருவரின் கைப்பேசியில் பதிவான அந்தக் காட்சி ஓரிரு நாள்களில் உலகம் முழுக்கப் பரவியது.

ஆடியவர் பணிநேரத்தில் இல்லாத ஓர் எஃப்.பி.ஐ. முகவர் என்பதுதான் இந்த நிகழ்வைச் செய்தியாக்கியது. காயமடைந்தவர் உயிர் பிழைத்தார். முகவர் மீது முதலில் இரண்டாம் நிலைத் தாக்குதல் குற்றம் சுமத்தப்பட்டது. அதே ஆண்டு டிசம்பரில் அவர் அதைவிடக் குறைந்த மூன்றாம் நிலைத் தாக்குதல் குற்றத்தை ஒப்புக்கொண்டார். நீதிமன்றம் இரண்டு ஆண்டுகள் நன்னடத்தைக் கண்காணிப்பு விதித்தது. வழக்கு அத்தோடு முடிந்தது. ஆனால் கைத்துப்பாக்கியை உடலில் சுமந்து திரிவதற்கு உரிமம் உள்ளவர்களும் அவர்களுக்குப் பயிற்சி தருபவர்களும் அந்தச் சில நொடிக் காட்சியை வேறு கண்ணோடு பார்க்க வேண்டியிருக்கிறது. முறையான பயிற்சி பெற்ற ஒருவர், உறை அணிந்தே இருந்த ஒருவர், துப்பாக்கியை எப்படித் தரையில் விட்டார் என்பதே இந்த ஆய்வின் கேள்வி.

காட்சியை மெதுவாக ஓட்டினால் அதில் மூன்று தனி நிகழ்வுகள் தெரியும்: உறையிலிருந்து நழுவியது, தரையில் மோதியது, கையில் வெடித்தது. பலர் இவற்றை ஒன்றாக்கி, துப்பாக்கி விழுந்ததால் வெடித்துவிட்டது என்று சொல்லிவிடுகிறார்கள். அது சரியில்லை. தரையில் மோதியபோது அது வெடிக்கவில்லை. இக்காலப் பிஸ்டல்களில் பெரும்பாலானவை, விசை (சுடுவதற்கு விரலால் இழுக்கும் பாகம்) பின்னுக்கு இழுக்கப்படாத வரை ஊசி தோட்டாவின் அடியைத் தொட முடியாதபடி உள்ளே தடுப்பு வைத்துச் செய்யப்படுகின்றன. இழுத்தால் மட்டும் வெடிக்கும். அப்படி இழுப்பதற்குச் சுமார் இரண்டரைக் கிலோ அழுத்தம் போதும் என்ற அளவில் பல மாடல்கள் வருகின்றன. தரையில் சறுக்கிப் போகும் ஒரு பொருளைப் பதற்றத்தில் அள்ளும் கை, விரல்களை எல்லாம் உள்நோக்கி மடக்கிக்கொண்டே இறங்குகிறது. அந்த மடக்கலில் ஆள்காட்டி விரல் விசை வளையத்துக்குள் புகுந்தால், இரண்டரைக் கிலோ ஒரு பொருட்டே அல்ல. விழுந்த துப்பாக்கியை விழுந்தபடியே விடு, அசைவு நின்ற பின் குனிந்து எடு என்று பயிற்சிக் களங்களில் சொல்லித் தருவது இதனால்தான்.

ஆக, வெடித்தது விரலின் பிழை; விழுந்தது உறையின் பிழை. விரலின் பிழையைப் பயிற்சியாளர்கள் நிறையவே பேசிவிட்டார்கள். உறையின் பிழை அவ்வளவு பேசப்படவில்லை.

கைத்துப்பாக்கி உறை என்பது வெறும் பை அல்ல. விசையை முழுதாக மூடி, அயல்பொருளோ விரலோ அதைத் தொடாமல் காப்பது அதன் முதல் வேலை. உடல் எப்படி அசைந்தாலும் துப்பாக்கியை வைத்த இடத்தில் வைத்திருப்பது இரண்டாவது வேலை. தேவைப்பட்ட கணத்தில் கை முழுப்பிடியாகப் பிடித்து எடுக்க விட வேண்டும். எடுத்ததைத் திரும்ப வைக்கும்போது வாய் சுருங்காமல் திறந்தே நிற்க வேண்டும். இதைக் கடையில் யாரும் கேட்பதில்லை. இவை ஒன்றுக்கொன்று முரண்படும். இறுக்கிப் பிடிக்கும் உறையிலிருந்து எடுப்பதற்கு நேரமாகும். சட்டென்று எடுக்க விடும் உறை சட்டென்று கைவிடவும் செய்யும். எல்லாவற்றையும் உச்சத்தில் தரும் உறை எதுவும் கிடையாது. அணிபவரின் அன்றாடம் எந்த வேலையை அதிகம் கேட்கிறதோ, அதற்கேற்ற உறையைத் தேடுவதே தேர்வு. ஆனால் வாங்க வருபவர் பொதுவாகத் துப்பாக்கியின் மாடல் பெயரைச் சொல்லி உறை கேட்கிறாரே தவிர, அதை அணிந்துகொண்டு நாள் முழுக்க என்ன செய்யப் போகிறார் என்பதைச் சொல்வதில்லை.

உடையணிந்து வெளியே போகும்போது மறைத்துச் சுமப்பதற்கென்று விற்கப்படும் உறைகளில் பெரும்பான்மை, வாய் திறந்த வகை. அவற்றில் வாரோ பூட்டோ இருக்காது. உறையின் சுவர் துப்பாக்கியின் மேல், குறிப்பாக விசை வளையத்தின் மேல், கொடுக்கும் உராய்வு ஒன்றே பிடிமானம். நிற்பது, நடப்பது, உட்காருவது, படியேறுவது வரை இது போதும். போதுமென்று தோன்றுவதற்கு ஒரு காரணம் உண்டு: இந்த அசைவுகள் எல்லாவற்றிலும் புவியீர்ப்பு உறையின் பக்கம் நிற்கிறது. தோட்டா நிரப்பிய நடுத்தர அளவுப் பிஸ்டல் ஒன்றின் எடை 850 கிராம் அளவில் இருக்கும். உறையின் வாய் மேலே பார்க்கும் வரை அந்த எடை துப்பாக்கியை உள்ளேதான் அழுத்துகிறது. உடல் தலைகீழாகச் சுழலும்போது அந்த உதவி போய்விடுகிறது; சுழற்சியின் உந்துதலும் கால் தரையில் மோதும் அதிர்ச்சியும் அதே 850 கிராமை வாய்ப்பக்கமாகத் தள்ளுகின்றன. அதுவரை பாதி வேலையை மட்டும் செய்துவந்த உராய்வு முழு வேலையையும் செய்தாக வேண்டும். டென்வரில் அந்த உறை அதற்குத் தயாராக இல்லை. பல்டி அபூர்வம்தான். ஆனால் வேலி தாண்டுவது, தரையில் குழந்தையோடு புரண்டு விளையாடுவது, காரின் அடியில் படுத்துச் சக்கரம் மாற்றுவது, வழுக்கி மல்லாக்க விழுவது ஆகியவையும் புவியீர்ப்பை உறையின் பக்கத்திலிருந்து பிரித்துவிடுகிற அசைவுகளே.

டென்வரில் உறையாவது இருந்தது. அதற்குப் பத்து ஆண்டுகளுக்கு முன், 2008 நவம்பர் 28 இரவில், நியூயார்க்கின் மான்ஹாட்டனில் இருந்த ஓர் இரவு விடுதியில் அதுவும் இல்லை. நியூயார்க் ஜயன்ட்ஸ் அணியின் அமெரிக்கக் கால்பந்து வீரர் பிளாக்சிகோ பர்ரஸ், அந்த ஆண்டின் தொடக்கத்தில்தான் சூப்பர் பவுல் இறுதி ஆட்டத்தின் வெற்றிப் பந்தைப் பிடித்து நாடறிந்த பெயராகியிருந்தார். அன்றிரவு அவர் தொளதொளப்பான விளையாட்டுக் காற்சட்டையின் இடுப்பில் .40 காலிபர் கிளாக் பிஸ்டல் ஒன்றை அப்படியே செருகியிருந்தார். பெல்ட்டும் இல்லை, உறையும் இல்லை. இழுத்தால் நீளும் எலாஸ்டிக் ஒன்றுதான் அத்தனை எடையையும் தாங்கியது. துப்பாக்கி காற்சட்டைக் காலுக்குள் வழுக்க, அவர் அதைத் தடுத்துப் பிடிக்க முயன்றார். துணிக்கு மேலாகவோ உள்ளாகவோ விரல் எட்டியது விசையைத்தான். குண்டு அவருடைய வலது தொடையில் பாய்ந்தது. நியூயார்க் மாநிலத்தில் செல்லும் உரிமம் அவரிடம் இல்லாததால் காயத்தோடு வழக்கும் சேர்ந்துகொண்டது. 2009 ஆகஸ்டில் குற்றத்தை ஒப்புக்கொண்டு இரண்டு ஆண்டு சிறைத்தண்டனை பெற்றார். 2011 ஜூனில் வெளியே வந்தார்.

இரண்டு நிகழ்வுகளையும் அருகருகே வைத்தால், வெடித்த கணம் இரண்டிலும் ஒன்றுதான் என்பது தெரியும். துப்பாக்கி இடம் பெயர்கிறது. கை தானாக அதன் பின்னால் ஓடுகிறது. மூடப்படாத விசையில் விரல் விழுகிறது. நழுவும் பொருளைப் பிடிப்பது மூளையைக் கேட்டு நடக்கும் செயல் அல்ல. கைப்பேசி நழுவினாலும் கத்தி நழுவினாலும் கை ஒரே மாதிரித்தான் பாய்கிறது. அந்த அனிச்சையைப் பயிற்சியால் அடக்கலாம் என்பவர்கள் உண்டு. டென்வர் முகவரின் பயிற்சியை நினைத்துப் பார்த்தால் அந்த நம்பிக்கை எனக்கு வரவில்லை. அனிச்சைக்கு வேலையே வைக்காத பிடிமானம்தான் நம்பத்தக்கது.

மூன்றாவதாக ஒரு நிகழ்வை இங்கே சேர்ப்பது வழக்கத்துக்கு மாறானது. 1986 ஏப்ரல் 11 அன்று மயாமியின் தென்புறக் குடியிருப்புப் பகுதி ஒன்றில், வங்கிக் கொள்ளையர்களான மைக்கேல் பிளாட், வில்லியம் மேடிக்ஸ் ஆகிய இருவரை எட்டு எஃப்.பி.ஐ. முகவர்கள் கார்களால் மறித்தார்கள். தொடர்ந்த துப்பாக்கிச் சண்டையில் ஜெர்ரி டவ், பென் குரோகன் என்ற இரு முகவர்கள் உயிரிழந்தனர், ஐவர் காயமடைந்தனர், கொள்ளையர் இருவரும் மாண்டனர். இந்தச் சண்டை கடந்த பல ஆண்டுகளாகத் தோட்டாவின் ஊடுருவும் திறனைப் பற்றிய பாடமாகவே சொல்லப்பட்டு வருகிறது. அதில் உறையைப் பற்றிய பாடமும் இருக்கிறது. மோதல் உறுதி என்று தெரிந்ததும் சில முகவர்கள் உட்கார்ந்தபடி எடுப்பது சிரமம் என்று எண்ணி ரிவால்வரை முன்கூட்டியே உறையிலிருந்து எடுத்துக் கைக்கெட்டும் இடத்தில் வைத்திருந்தார்கள். கார்கள் மோதிய அதிர்ச்சியில், இருக்கையின் மேல் வைத்திருந்த ரிவால்வரை ரிச்சர்ட் மனாசி இழந்தார். ஜான் ஹேன்லனும் தம் முதன்மை ரிவால்வரை அதே மோதலில் இழந்தார். ஆனால் அவரிடம் கணுக்கால் உறையில் இரண்டாவதாக ஒரு சிறு ரிவால்வர் இருந்தது. இருக்கையில் கிடந்த ஆயுதம் பறந்துபோன அதே மோதலில், உறைக்குள் இருந்த ஆயுதம் காலோடு ஒட்டியிருந்தது. அவர் அதைக் கொண்டுதான் சுட்டார்.

கணுக்கால் உறையைப் பலர் எளிதாகத் தள்ளிவிடுவார்கள்: குனிந்தால்தான் எட்டும், ஓடினால் கனக்கும், ஜீன்ஸின் கால் குறுகலாக இருந்தால் எடுக்கவே வராது. எல்லாம் உண்மை. ஆனால் காருக்குள் உட்கார்ந்திருப்பவருக்கு இடுப்பைவிடக் கணுக்கால் பக்கம். இடுப்பின் வலப்புறத்தில், பெல்ட்டுக்கு வெளியே அணியும் உறை நிற்பவருக்கு மிக வசதியானது. இருக்கைவார் மாட்டி உட்கார்ந்ததும் அதன் கைப்பிடி வாரின் பூட்டுக்கும் இருக்கையின் முதுகுக்கும் நடுவே புதைந்துவிடும். நாளில் ஆறு மணி நேரம் வண்டி ஓட்டுபவரும் ஆறு மணி நேரம் கடைவாசலில் காவல் நிற்பவரும் ஒரே உறையை வாங்கக் கூடாது. பெல்ட்டுக்கு உள்ளே, காற்சட்டைக்கும் உடலுக்கும் இடையில் அணிவது மறைப்பதற்குச் சிறந்தது. ஆனால் காற்சட்டை ஓரளவு தளர்வாக வாங்க வேண்டியிருக்கும், வியர்வையும் கூடும். அதே உறையை முன்வயிற்றில் அணிவது இன்று பரவலாகிவிட்டது. இரு கைகளும் எளிதாக எட்டும், கூட்டத்தில் கண்பார்வையிலேயே இருக்கும் என்பது அதன் பலம். குழல் தொடையின் பெருநாளத்தை நோக்கியே நிற்கும் என்பது அதன் விலை. அங்கே அணிபவர் திரும்பச் செருகும்போது ஒருபோதும் அவசரப்படக் கூடாது. சட்டையின் நுனி, உள்ளே இழுத்துக் கட்டும் கயிறு எதுவும் உறைக்குள் போகவில்லை என்று குனிந்து பார்த்தே வைக்க வேண்டும். முதுகின் நடுப்பகுதியில் அணிவதை நான் யாருக்கும் சொல்வதில்லை. மல்லாக்க விழுந்தால் முதுகெலும்புக்கும் தரைக்கும் நடுவே ஓர் இரும்புத் துண்டு. பின்னால் நிற்பவர் அதை எடுப்பது, அணிந்தவர் எடுப்பதைவிட எளிது.

பொருளைப் பற்றிய பேச்சு பெரும்பாலும் தோலா பிளாஸ்டிக்கா என்ற ரசனைச் சண்டையாக முடிகிறது. இரண்டுக்கும் தனித்தனிக் கெடும் விதம் இருப்பதால், அதைப் பார்த்து முடிவெடுப்பதே முறை. மாட்டுத்தோல் உறை ஈரமாக இருக்கும்போதே துப்பாக்கியின் வடிவத்துக்கு அழுத்தி உலர்த்தப்படுகிறது. புதிதில் அது துப்பாக்கியை விடாப்பிடியாகப் பிடிக்கும். உடம்போடு உறுத்தாமல் இழையும். வருடக்கணக்கில் வியர்வையும் சூடும் ஏறியபின் அது தளர்கிறது. தளர்ந்த தோலில் ஆபத்தான இடம் வாய் விளிம்பு. பழைய தோல் உறையின் விளிம்பு மடிந்து உள்ளே தொங்கி, துப்பாக்கியைச் செருகும்போது விசை வளையத்துக்குள் ஒரு விரலைப் போலவே நுழைந்து நிற்கக்கூடும். அணிந்தவர் காரில் உட்கார்ந்து உடலைத் திருப்பும்போது அந்த மடிப்பு விசையை இழுத்து, துப்பாக்கி உறைக்குள்ளேயே வெடித்த நிகழ்வு அமெரிக்காவில் நடந்திருக்கிறது. மடிந்த விளிம்பின் படங்களும் வெளிவந்தன. எனவே தோல் உறை வைத்திருப்பவர் மாதம் ஒருமுறையாவது வெற்று உறையை வெளிச்சத்தில் பிடித்து, கட்டைவிரலால் வாயை உள்நோக்கி அழுத்திப் பார்க்க வேண்டும். அழுத்தியது அழுந்தியபடியே நின்றால் அந்த உறையின் காலம் முடிந்தது; மெழுகு போட்டுக் காப்பாற்றுவதெல்லாம் வீண்.

கைடெக்ஸ் என்பது அக்ரிலிக்கும் பி.வி.சி.யும் கலந்த தகடு. சூடாக்கி மென்மையாக்கி, துப்பாக்கியின் அச்சு மேல் அழுத்தினால் அந்த வடிவத்தையே பிடித்துக்கொள்ளும். நன்றாக வார்த்த கைடெக்ஸ் உறைக்குள் துப்பாக்கியைச் செருகும்போது விசை வளையம் இடத்தில் அமரும் கணத்தில் ‘டக்’ என்ற ஒலி கேட்கும். கைக்கும் அது தெரியும். பல உறைகளில் ரப்பர் வளையம் பொருத்திய சிறு திருகாணி ஒன்று இருக்கும். கால் சுற்றுத் திருகினால் பிடி இறுகும், தளரும். வாய் ஒருபோதும் சுருங்காது என்பதால் ஒரு கையால் திரும்ப வைக்கலாம். ஆனால் அது தோலைப் போல மெல்ல மெல்லத் தளராது. ஒருநாள் விரிசல் விடும், அல்லது அந்தத் திருகாணி அதிர்வில் கழன்று விழும். திருகில் ஒரு சொட்டுப் பூட்டுப்பசை விடாதவர் அந்த உறைக்கு உரிய விலையைப் பாதிதான் கொடுத்திருக்கிறார் என்பேன். எந்தத் துப்பாக்கிக்கும் பொருந்தும் என்று தொங்கவிடப்பட்டிருக்கும் நைலான் உறைகளைப் பற்றிச் சொல்ல அதிகம் இல்லை. எதற்கும் பொருந்துவது எதையும் பிடிக்காது.

சீருடையில், வெளிப்படையாகத் துப்பாக்கி அணிபவரின் கணக்கு வேறு. அவருடைய முதல் அச்சம் நழுவுவது அல்ல, பறிக்கப்படுவது. கைது செய்யும்போது கட்டிப்புரள நேரும் காவலரின் இடுப்பில் உள்ள ஆயுதத்தை எதிராளியும் எட்ட முடியும். முன்னாள் எஃப்.பி.ஐ. முகவரான பில் ராஜர்ஸ் 1970களில் வகுத்த சோதனையிலிருந்துதான் இன்று உறைகளின் மேல் போடப்படும் பிடிமான நிலை எண்கள் பிறந்தன. உறையை ஒருவர் அணிந்து நிற்க, மற்றொருவர் கைப்பிடியைப் பற்றி ஐந்து நொடி முழு வலுவோடு இழுக்க வேண்டும். துப்பாக்கி வெளிவரக் கூடாது. ஒரு பூட்டை அவிழ்த்துவிட்டு மீண்டும் இழுத்தும் தாங்கினால் அடுத்த நிலை. கட்டைவிரலால் தள்ளித் திறக்கும் மூடியும், உள்ளே தானாகப் பூட்டிக்கொள்ளும் நெம்புகோலும் சேர்ந்த உறைகள் இப்படி வந்தவையே. இந்த எண்ணை இன்று எல்லாத் தயாரிப்பாளரும் ஒரே பொருளில் பயன்படுத்துவதில்லை. சிலர் பூட்டுகளை எண்ணி மட்டும் நிலையைப் போட்டுவிடுகிறார்கள். எண்ணைப் பார்க்காமல், பூட்டு எந்த விரலால் திறக்கிறது என்று பார்ப்பது மேல். கட்டைவிரல் திறக்கும் பூட்டு பாதுகாப்பானது, ஏனென்றால் பிடியை இறுக்கும்போது கட்டைவிரல் இயல்பாகப் போகும் இடத்திலேயே அது இருக்கும். ஆள்காட்டி விரலால் பக்கவாட்டில் அழுத்தித் திறக்கும் பூட்டுகளில் அதே விரல், துப்பாக்கி மேலேறும் கணத்தில், அழுத்தியபடியே வளைந்து விசைக்குள் புகும் அபாயம் உண்டு. அத்தகைய உறைகளைத் தங்கள் வளாகத்தில் அனுமதிக்காத பயிற்சிக் களங்கள் பல.

பெல்ட்டைப் பற்றி ஒரு சொல். எவ்வளவு நல்ல உறையும் தொய்ந்த பெல்ட்டில் மாட்டினால் வெளிப்பக்கமாகச் சாய்ந்துவிடும். சாய்ந்த உறையிலிருந்து துப்பாக்கியை இழுத்தால் உறையும் கூடவே மேலே வரும். உறைக்குக் கொடுக்கும் பணத்தில் பாதியை இரட்டைத் தோலால் தைத்த விறைப்பான பெல்ட்டுக்குக் கொடுப்பவர் ஏமாறுவதில்லை. பர்ரஸின் கதையில் முதலில் தோற்றது எலாஸ்டிக்தான்.

வாங்கிய உறையை வீட்டிலேயே சோதிக்கலாம். தோட்டாக்களை எல்லாம் வேறு அறையில் வைத்துவிட்டு, துப்பாக்கிக் குழலின் பின்முனையில் தோட்டா அமரும் அறையும் தோட்டா ஏற்றும் கூடும் வெறுமையாக இருக்கின்றன என்று கண்ணாலும் விரலாலும் இருமுறை பார்த்த பிறகு, துப்பாக்கியை உறைக்குள் வைத்து மெத்தையின் மேல் தலைகீழாகப் பிடித்துக் குலுக்க வேண்டும். அது விழுந்தால் உறை வேலைக்கு ஆகாது. விழாவிட்டால், அணிந்துகொண்டு அன்றாடம் செய்யும் அசைவுகள் எல்லாவற்றையும் செய்து பார்க்க வேண்டும்: குந்துவது, கட்டிலடியில் கைவிட்டு எடுப்பது, புரள்வது, காரில் ஏறி இறங்குவது. உறைக்குள் இருக்கும்போது எந்தப் பக்கத்திலிருந்து அழுத்தினாலும் விசையை விரலால் தொட முடியக் கூடாது. இதற்கு அரை மணி நேரம் ஆகும்.

இந்தச் சோதனையில் முதல் குலுக்கலையே டென்வர் முகவரின் உறை தாங்கியிருக்காது என்பது என் கணிப்பு. திருகை இறுக்கிய கைடெக்ஸ் உறையோ கட்டைவிரல் வார் உள்ள தோல் உறையோ அந்தப் பல்டியைத் தாங்கியிருக்கக்கூடும். ஆயினும் அந்த இரவுக்கு எந்த உறை பொருத்தம் என்று கேட்டால், கடையில் தொங்கும் எதையும் என்னால் காட்ட முடியாது. மது பரிமாறும் இடத்துக்கு, ஆடுவதற்கென்றே போகும் ஒருவர், கிளம்புமுன் துப்பாக்கியைத் தங்கும் அறையின் பெட்டகத்தில் வைத்துப் பூட்டிவிட்டு வந்திருக்க வேண்டும்.